அரை நோன்பும் அஞ்சு கலர் கடல்பாசியும்

இந்த வருஷமும் ரம்ஜான் நோன்பும் மாதா கோயில்காரர்களின் தவசு காலமும் ஒன்றாக வந்தன. அப்படி வருவது எப்போதாவதுதான். வரும்போதெல்லாம் எனக்கு ஒரு சிவப்புக் கடல்பாசி ஞாபகம் வரும். நான் ருசி பார்க்காத கடல்பாசி.

இப்போது மாத்தூரில் மகன் வீட்டில் இருக்கிறேன். போன வாரம் மருமகள் பிரிட்ஜில் மூன்று கலர் கடல்பாசி வைத்தாள். கண்ணாடிப் பாத்திரத்தைக் கவிழ்த்ததும் மூன்று கலரும் மூன்று பக்கம் வழுக்கிக்கொண்டு போயின, பாகம் பிரித்துக்கொண்ட அண்ணன் தம்பி மாதிரி. நான் ஒன்றும் சொல்லவில்லை. மருமகள் மனசு நோகக் கூடாது. ஆனால் எட்டு வயசில், பிரிட்ஜ் என்கிற பேரே காதில் விழாத காலத்தில், ராயபுரத்து ஒற்றை அறை வீட்டில் அஞ்சு கலரை ஒன்றைவிட்டு ஒன்று பிரியாமல் ஒட்ட வைத்தவள் நான். அதைச் சொல்லாமலும் இருக்க முடியவில்லை. ரெண்டாம் கிளாஸோடு நின்றவள், எழுத்துக் கூட்டிக் கூட்டித்தான் எழுதுகிறேன். மெதுவாகத்தான் வரும். எனக்கும் அவசரம் ஒன்றுமில்லை.

கல்மண்டபத்துக்குப் பின்னால் ஒரு சந்தில் எங்கள் வீடு. முன்னால் ஒரே அறை, பின்னால் ஒரு ஆள் நிற்கிற அளவுக்கு அடுப்படி. அத்தா, அதாவது எங்கள் அப்பா, ஹார்பரில் மூட்டை தூக்கினார். அவருடைய தம்பி, எங்கள் சாச்சா, ராத்திரி ஷிப்ட் பார்த்துவிட்டுப் பகலெல்லாம் அந்த அறையில் குறட்டை விடுவார். அக்காவைப் பழைய வண்ணாரப்பேட்டையில் ஒரு ஜவுளிக்கடைக்காரர் வீட்டில் கட்டிக் கொடுத்திருந்தோம். மூட்டை தூக்குகிறவருக்கு அவ்வளவு பெரிய இடம் எப்படி அமைந்தது என்று கேட்காதீர்கள். எங்கள் அக்கா அவ்வளவு அழகு.

கல்யாணத்தன்று பந்தியில் அம்மா கையால் செய்த பீர்னியை அக்காவின் மாமியார் வாயில் வைத்துவிட்டு, "ஹார்பர்காரங்க வூட்டு இனிப்பு மூட்டையாட்டமே கீது, வாயில கனக்குது" என்று சொல்லிவிட்டாள். பக்கத்து இலைக்காரி சிரித்தாள். அவளுக்குப் பக்கத்து இலைக்காரியும் சிரித்தாள். சிரிப்பு அப்படியே வரிசையாகப் போய் எங்கள் அடுப்படி வரைக்கும் வந்து சேர்ந்தது. அன்றிலிருந்து அந்த வீட்டில் அக்காவுக்குக் கரண்டி கிடையாது. வெங்காயம் உரிக்கலாம், பாத்திரம் தேய்க்கலாம், வீடு பெருக்கலாம். கரண்டியைத் தொடக் கூடாது. வீட்டுக்கு வரும்போதெல்லாம் அக்கா, "நான் அங்க மருமவளா, வேலைக்காரியா, ஒண்ணும் தெரிலம்மா" என்று சொல்லிவிட்டு, அழாமல் இருப்பதற்காக என் தலையை வாரிவிடுவாள். அவள் வாரினால் வலிக்கும்.

எங்கள் பக்கம் ஒரு வழக்கம். கல்யாணமான முதல் ரம்ஜானில் பெண் வீட்டிலிருந்து மாப்பிள்ளை வீட்டுக்கு நோன்பு திறக்கத் தட்டு போக வேண்டும். தட்டில் என்ன போகிறதோ அதை வைத்துத்தான் அந்த வீட்டில் அந்தப் பெண்ணை எந்த இடத்தில் வைப்பது என்று முடிவாகும். எல்லோரும் வடை, சமோசா, பழம் என்று அனுப்புவார்கள். அம்மா யோசித்து யோசித்து ஒரு நாள் சொன்னாள்:

"இனிப்பு வாயில கனக்குதாமே. கனமே இல்லாத ஒண்ண அனுப்பறேன். தின்னு பாக்கட்டும்."

அதுதான் கடல்பாசி. தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன்: கடையில் அது வெள்ளை வெள்ளையாக, காய்ந்த வைக்கோல் மாதிரி, கையில் எடுத்தால் எடையே தெரியாமல் இருக்கும். ஊற வைத்துக் காய்ச்சினால் தண்ணீரோடு தண்ணீராகக் கரைந்துபோகும். சக்கரையும் கலர்ப் பொடியும் போட்டு, வடிகட்டித் தட்டில் ஊற்றினால் ஆறி உறைந்து, தொட்டால் நடுங்கும். வாயில் போட்டால் இருக்கிற இடம் தெரியாது. அந்த ஜவுளிக்கடை வீட்டில் ரெண்டு கலரில் செய்வார்களாம், அதையே பெரிய வித்தை மாதிரி பேசுவார்களாம். அம்மா அஞ்சு கலர் என்று முடிவு பண்ணிவிட்டாள்.

தட்டு அனுப்ப வெள்ளிக்கிழமை என்று குறித்தார்கள். அதே வெள்ளிக்கிழமையைத்தான் நானும் குறித்து வைத்திருந்தேன், என்னுடைய முதல் முழு நோன்புக்கு.

அதுவரைக்கும் நான் அரை நோன்புக்காரி. சின்னப் பிள்ளைகள் விடியற்காலையில் பெரியவர்களோடு சாப்பிட்டுவிட்டு மத்தியானம் வரைக்கும் பட்டினி கிடந்தால் அது அரை நோன்பு. இன்றைக்கு ஒரு அரை, நாளைக்கு ஒரு அரை, ரெண்டையும் சேர்த்துத் தைத்தால் ஒரு முழு நோன்பு என்று பெரியவர்கள் சொல்லுவார்கள். நான் அதை அப்படியே நம்பினேன். அல்லாஹ் ஒரு ஊசி நூலோடு உட்கார்ந்து பிள்ளைகளின் அரை நோன்புகளைத் தைத்துக்கொண்டிருக்கிறான் என்று நினைத்தேன். எத்தனை நாளைக்கு அவனுக்கு இந்த வேலை வைப்பது? முழுசாக ஒன்று கொடுத்துவிடலாம் என்று அன்று யாரும் எழுப்பாமலே எழுந்து, எல்லோரோடும் சாப்பிட்டு, இன்றைக்கு நோன்பு என்று மனசுக்குள் நிய்யத்தும் வைத்துக்கொண்டேன். காலையிலிருந்து அம்மாவின் முந்தானையை விடவில்லை. என்னுடைய முழு நோன்பை யாராவது பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும் இல்லையா?

அம்மா அன்று மத்தியான லுஹருக்குத் தொழுகைப் பாய் விரிக்கவில்லை. கடல்பாசி வேலை மும்முரம், அதனால்தான் என்று நினைத்துக்கொண்டேன்.

கலர் கலராக ஊற்றும்போது தலைகீழாக யோசிக்க வேண்டும். உறைந்ததும் தட்டைக் கவிழ்ப்பதால் முதலில் ஊற்றுவதுதான் மேலே வரும், கண்ணிலும் நாக்கிலும் அதுதான் முதலில் படும். அம்மா முதலில் சிவப்பை வைத்தாள். காய்ச்சி, வடிகட்டி, உயர விளிம்பு வைத்த அலுமினியத் தட்டில் ஊற்றியாயிற்று. சிவப்பென்றால் அப்படி ஒரு சிவப்பு. அம்மா அதையே பார்த்துக்கொண்டு நின்றவள், திடீரென்று என் பக்கம் திரும்பினாள்.

"சக்கரை போட்ட இல்ல?"

"நீ போட்டேன்னு நெனச்சேன்மா."

"அடிப் பாவி, உன்னத்தானடீ போடச் சொன்னேன்."

"அப்பால நீயே டப்பாவ எடுத்தியே."

"எடுத்தேன். உங்க சாச்சன் கூப்ட்டான், வச்சேன். போட்டுட்டு வச்சனா, வச்சுட்டுப் போனனா..."

அதுதான் சங்கடம். சிவப்பு சிவப்பாகத்தான் இருந்தது. சக்கரை உள்ளே இருக்கிறதா இல்லையா என்று கலர் சொல்லாது. இல்லாமல் போனால் மாமியார் நாக்கில் முதலில் படுவது வெறும் பச்சைத் தண்ணீர் மாதிரி இருக்கும். இருக்கட்டும் என்று மறுபடி காய்ச்சி இன்னொரு தரம் போட்டால், ஏற்கெனவே போட்டிருந்தால், வாய் திகட்டும். மூட்டை மறுபடியும் கனத்துப்போகும். யோசித்துக்கொண்டு நிற்கவும் முடியாது. கீழ்க் கலர் முக்கால்வாசி உறைந்திருக்கும்போதே மேல் கலரை ஊற்ற வேண்டும். விரலை வைத்தால் ஒட்டணும், ஆனால் விரல் உள்ளே போகக் கூடாது. முழுசாக உறைந்துவிட்டால் மேலே எதை ஊற்றினாலும் ஒட்டாது, என் மருமகளுடையது மாதிரி வழுக்கிக்கொண்டு போகும்.

"ஒரு சொட்டு நாக்குல வச்சுப் பாருடீ" என்றாள் அம்மா.

"நான் நோன்பு!"

"மத்தியானம் ஆய்டிச்சு, உன் அரை முடிஞ்சுது. வை."

"இது அரை இல்ல. முழுசு."

உள்ளே படுத்திருந்த சாச்சா போர்வைக்குள்ளிருந்து, "உடு அண்ணி, கொழந்த நோன்பக் கெடுக்காத. இந்த வாசனைல எனக்கே நோன்பு பூடும்போல கீது" என்றார். சாச்சா நோன்பைப் பற்றிப் பேசினால் பள்ளிவாசல் ஹஜ்ரத் பேசுகிற மாதிரி இருக்கும்.

அம்மா என்னைப் பார்த்தாள். அறைப் பக்கம் பார்த்தாள். தட்டைப் பார்த்தாள். பிறகு ஒரு முடிவுக்கு வந்தவளாக, "யோவ், எயுந்திரு. எப்படியும் நேரம் பூடுச்சு, ஐஸ் இல்லாம சுருக்க ஒறையாது. காசிமேட்டு ஐஸ் கம்பெனில உன் தோஸ்து கீறான் இல்ல, போய் ஒரு கோணில வாங்கினு வா" என்று சாச்சாவை விரட்டினாள். அவர் தலை மறைந்ததும் என்னிடம் சொன்னாள்:

"நீ போய் இந்தத் தெருவுல நோன்பு இல்லாத ஒரு நாக்க இட்டுகினு வா. நல்லாத் தேடிப் பாத்து இட்டுகினு வா."

எவ்வளவு பெரிய வேலையை நம்பிக் கொடுத்திருக்கிறாள் என்று எனக்குத் தலை கால் புரியவில்லை. பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு ஓடினேன்.

முதலில் மீன்கார அத்தை வீடு. சந்து முனையில் இருந்தாள். மற்ற நாளில் கூடையோடு போயிருப்பாள். அன்று மஞ்சள் பூசிக் குளித்து, ஈரத்தலையை முடிந்துகொண்டு வாசப்படியில் உட்கார்ந்திருந்தாள்.

"அத்தை, ஒரு நாக்கு வேணும்."

"நாக்கா? எதுதுடீ வேணும், சுறாவுதா, வஞ்சிரத்துதா?"

"மனுஷ நாக்கு. எங்க வூட்டுக் கடப்பாசில சக்கரை கீதா இல்லியான்னு பாக்கணும்."

"இன்னிக்குப் பாத்தா வந்த? வெள்ளிக்கெயம. திருவொத்தியூர் அம்மனுக்கு வேண்டிக்கினு கீறேன். வெளக்கு வச்சாத்தான் எனக்குப் பச்சத்தண்ணி. ஏன், உங்கம்மா வாய்க்கு இன்னா?"

"அம்மா நோன்பு."

"நோன்பா? இன்னிக்கா?" அத்தை என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். தெருக்குழாயில் அம்மாவும் அவளும் ஒன்றாகத் துணி துவைப்பவர்கள். அவளுக்கு என்ன சிரிப்பு வந்ததோ, வாயைப் பொத்திக்கொண்டாள். "வூட்ல வேற யாரு கீறாங்க?"

"யாரும் இல்ல. சாச்சா ஐஸுக்குப் பூட்டாரு. நான் இங்க கீறேன்."

"அப்ப செரி. நீ இன்னாத்துக்கு ஓடற? மெள்ளப் போடீ பாய்வூட்டுப் பொண்ணே. வெயில்ல ஓடினா நோன்பு கரைஞ்சு பூடும்."

நோன்பு கரையும் என்பது எனக்குப் புதுச் செய்தி. அதிலிருந்து நடந்தேன்.

அடுத்து டீக்கடை. ரம்ஜான் மாசத்தில் எங்கள் பக்கத்து டீக்கடைகளில் வாசலுக்குக் குறுக்கே ஒரு துணித் திரை தொங்கவிடுவார்கள். நோன்பு இல்லாதவர்கள் அதற்குப் பின்னால் உட்கார்ந்து குடிக்கலாம், நோன்பாளிகளின் கண்ணில் படாது. ஆனால் திரை முழங்கால் வரைக்கும்தான் இருக்கும். அதற்குக் கீழே கால்கள் தெரியும். நோன்பு இல்லாத நாக்கு இங்கே நிச்சயம் கிடைக்கும் என்று போனால், கால்களுக்கு நடுவே ஒரு கோணிப்பை. அதிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. மீன் வாசனை அடித்தது. பக்கத்தில் நான் தினமும் பார்க்கிற ரப்பர் செருப்பு, கட்டை விரலுக்குப் பக்கத்தில் ஆணி அடித்தது.

"சாச்சா, ஐஸ் கரையுது" என்றேன் திரையைப் பார்த்து.

உள்ளே கிளாஸ் வைக்கிற சத்தம் கேட்டது. பிறகு, "சாச்சா இங்க இல்ல" என்று சாச்சாவின் குரல் வந்தது.

மற்ற கால்களைக் கூப்பிடத் திரையை விலக்கினால் சாச்சாவும் தெரிவார் என்று திரும்பி நடந்தேன். அந்த நாக்கை வீட்டுக்கு அழைத்துப் போக முடியாது என்பது மட்டும் எனக்குத் தெரிந்தது. அது பேர் அளவில் நோன்பில் இருக்கிற நாக்கு.

கடைசியாக மாதா கோயில் தெருத் தையக்காரம்மா. மிஷினை மிதித்துக்கொண்டிருந்தாள். கேட்டதுமே தலையை ஆட்டினாள். தவசு காலம், ஈஸ்டர் வரைக்கும் இனிப்பு தொடுவதில்லை என்று வேண்டுதல். "அதுவும் வெள்ளிக்கிழமைல கேக்கறியே, கண்ணு" என்றாள். அவளும் அதே கேள்வியைத்தான் கேட்டாள், வீட்டில் யார் இருக்கிறார்கள் என்று. யாரும் இல்லை என்றதும் அவளும் அதே மாதிரி சிரித்தாள். பிறகு என்னைப் பக்கத்தில் உட்கார வைத்து, "எனக்குக் கண்ணு தெரியல, இந்த ஊசியைக் கோத்துக் குடு" என்றாள். கோத்தேன். "இன்னொண்ணு" என்றாள். ஒரு டப்பா ஊசியையும் கோத்துவிட்டேன் என்று நினைக்கிறேன். அங்கே சிவப்பு உறைந்துகொண்டிருக்கிறதே என்று வாசலையே பார்த்துக்கொண்டு கோத்தேன். அழுகிற மாதிரி ஆகிவிட்டேன்.

"அழாதே. இந்தத் தெருவுல நோன்பு இல்லாதது எறும்பு ஒண்ணுதான்" என்றாள் தையக்காரம்மா. "ஒரு சொட்டு எறும்பு வரிசையாண்ட வச்சுப் பாரு. நின்னு குடிச்சா சக்கரை கீது. தாண்டிப் போனா இல்ல. போ, இப்பப் போகலாம் நீ."

நோன்பு கரைந்தாலும் பரவாயில்லை என்று ஓடினேன்.

வீட்டுக் கதவு ஒருக்களித்துச் சாத்தியிருந்தது. அறையைத் தாண்டி அடுப்படி தெரிந்தது. அம்மா எனக்கு முதுகு காட்டி நின்றிருந்தாள். தட்டில் சிவப்பு இல்லை. அது மறுபடி சட்டிக்குள் போய் அடுப்பில் கொதித்துக்கொண்டிருந்தது. அம்மா கரண்டியில் கொஞ்சம் எடுத்து, ஊதி, உள்ளங்கையில் விட்டு நக்கினாள். தலையை ஆட்டிக்கொண்டாள். அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. ருசி பார்த்துத் துப்பிவிட்டாள் என்று நினைத்திருப்பேன். அவள் பானையில் சொம்பை விட்டுத் தண்ணீர் மொண்டாள். அண்ணாந்து, நிறுத்தாமல், சொம்பு காலியாகும் வரைக்கும் குடித்தாள். மடக் மடக்கென்று விழுங்குகிற சத்தம் வாசல் வரைக்கும் கேட்டது.

எனக்கு உலகமே நின்றுவிட்டது. எங்கள் அம்மா! ஜுரத்தில் படுத்தாலும் நோன்பை விடாதவள். அக்காவுக்காக, ஒரு கரண்டிக்காக, தன் நோன்பையே விட்டுவிட்டாளே!

சத்தம் போடாமல் வெளியே வந்தேன். தெருவில் நின்று, "அம்மாஆ, வந்துட்டேன்!" என்று சந்து முழுக்கக் கேட்கிற மாதிரி கத்தினேன். கதவைத் தடதடவென்று தட்டினேன். அப்புறம்தான் உள்ளே போனேன். எட்டு வயசில் எனக்கு அந்த மரியாதை தெரிந்திருந்தது. அதில் இன்றைக்கும் எனக்குப் பெருமைதான்.

அம்மா முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டு, "நாக்கு கெடச்சுதா?" என்றாள்.

"யாரும் வரலமா. எல்லாரும் பட்டினி. தையக்காரம்மா எறும்பக் கேக்கச் சொன்னாங்க."

"எறும்பா?" அம்மா ஒரு கணம் முழித்தாள். உடனே, "கேட்டுட்டேன்டீ. தோ, செவுத்தாண்ட ஒரு சொட்டு வச்சேன். மோந்து பாத்துட்டு அது பாட்டுக்குப் பூடுச்சு. சக்கரை இல்ல. இப்பதான் போட்டேன்" என்றாள்.

சுவரைப் பார்த்தேன். சொட்டும் இல்லை, எறும்பும் இல்லை. "நல்ல எறும்பு" என்று மட்டும் சொன்னேன்.

கொஞ்ச நேரத்தில் சாச்சா பாதி கோணியோடு வந்து, "வெயில்ல கரைஞ்சிடுச்சு அண்ணி" என்றார், என்னைப் பார்க்காமல். நானும் அவரைப் பார்க்கவில்லை. ஒரே நாளில் ரெண்டு பெரிய மனுஷர்களின் ரகசியம் என் பாவாடை முடிச்சில். யாரிடமும் அவிழ்க்கவில்லை.

அகலமான பேசினில் ஐஸைக் கொட்டித் தண்ணீர் விட்டு, சிவப்பை மறுபடி ஊற்றிய தட்டை, மீன் வாசனை ஏறாமல் மூடி போட்டு, அதில் வைத்தோம். சிவப்பு மறுபடி உறைந்தது. அடுத்தது பால் விட்ட வெள்ளை. அம்மா ஊற்றப் போனாள். பரபரப்பில் தாரை வேகமாக விழுந்தால் கீழ்க் கலர் குழிந்துவிடும். எனக்கு என்ன தோன்றியதோ, கரண்டியை அவள் கையிலிருந்து வாங்கித் திருப்பிப் பிடித்தேன். "இதும் முதுவு மேல ஊத்துமா" என்றேன். அம்மா சட்டியைச் சாய்க்க, பால் கரண்டியின் முதுகில் விழுந்து, வழிந்து, சிவப்புக்கே தெரியாமல் அதன் மேல் படுத்துக்கொண்டது. அடுத்த கலருக்குக் கரண்டியை அம்மாவாகவே என் கையில் கொடுத்தாள். பச்சை, மஞ்சள், கடைசியில் கலரே இல்லாமல் இளநீர், உள்ளே வழுக்கைக் கீற்றுகள். ஒவ்வொரு தரமும் விரல் வைத்துப் பார்த்து, "இப்ப" என்று சொன்னது நான்தான். விரலில் ஒட்டியதை ஒவ்வொரு தரமும் முந்தானையில் துடைத்தது அம்மா, நான் மறந்து வாயில் வைத்துவிடப் போகிறேனே என்று.

சாயங்காலம் எவர்சில்வர் தட்டில் கவிழ்த்தபோது அது ஒரு தரம் நடுங்கிவிட்டு நின்றது. வாசல் வெளிச்சம் அதற்குள் புகுந்து அந்தப் பக்கம் போயிற்று. ஹார்பரில் வந்து நிற்கிற வெளிநாட்டுக் கப்பலின் கொடி மாதிரி, கோடு போட்டாற்போல அஞ்சு கலர். வேலையிலிருந்து வந்த அத்தா தோளில் மூட்டைத் தழும்போடு அதைப் பார்த்து, "இதப் போயி நான் தூக்கினு போவணுமா? எனக்குப் பயமா கீதே" என்றார். எத்தனை டன் சரக்கு தூக்கியவர்! ரிக்ஷாவில் உட்கார்ந்து மடியில் தட்டை வைத்துக்கொண்டு, வழி நெடுக ரிக்ஷாக்காரரை, "மெதுவா நைனா, மெதுவா" என்று கெஞ்சிக்கொண்டே போனாராம்.

பாங்கு சொல்ல இருக்கும்போது மூச்சு வாங்க ஓடி வந்து சேர்ந்தார். "அங்கயே தொறக்கச் சொன்னாங்க. முடியாதுன்னுட்டேன். இன்னிக்கு என் பொண்ணு மொத நோன்பு தொறக்கறா" என்றார். பள்ளிவாசல் கஞ்சியை நடுவில் வைத்து உட்கார்ந்தோம். பாங்கு கேட்டது. கையை ஏந்தச் சொன்னார்கள். நான் மத்தியானமே கணக்குப் போட்டு வைத்திருந்தேன். உரக்கச் சொன்னேன்:

"யா அல்லாஹ், இன்னிக்கு என்னுது முழு நோன்பு. அத ரெண்டாக் கியிச்சு, அரைய எங்கம்மாவுக்குப் போட்டுக்கோ. அரைய எனக்கு வச்சுக்கோ."

அத்தா சிரித்தார். "அவளுக்கு எதுக்கும்மா? அவளதுதான் முழுசா கீதே."

சாச்சாவுக்குக் கஞ்சி புரையேறியது. தனக்கும் ஏதாவது பங்கு வருமோ என்று பார்த்தாரோ என்னவோ. அவருக்குக் கொடுக்க என்னிடம் ஒன்றும் இல்லை. அவர் டீக்காகக் குடித்தவர். அம்மா அக்காவுக்காகக் குடித்தவள். ரெண்டும் ஒன்றில்லை என்று நான் தீர்ப்பு எழுதிவிட்டேன்.

அம்மா முக்காட்டை இழுத்து முகத்தை மூடிக்கொண்டாள். தோள் குலுங்கியது. அழுகிறாள் என்று நினைத்தேன். முக்காடு விலகியபோது பார்த்தால், கண் நிறைய தண்ணீர், வாய் நிறைய சிரிப்பு. ஒரு பேரீச்சம்பழத்தை எடுத்துக் கொட்டை நீக்கி என் வாயில் வைத்தாள். அவள் திறப்பதற்கு முன்னால் என்னைத் திறக்க வைத்தாள்.

தட்டு நாலைந்து நாளில் திரும்பி வந்தது. அக்காவே எடுத்துக்கொண்டு வந்தாள், உள்ளே பேரீச்சம்பழம் நிறைத்து. மாமியார் கத்தியால் ஒரு துண்டு வெட்டி, கத்தி முனையிலேயே தூக்கிப் பிடித்துக்கொண்டு, கலர் எப்போது கழன்று விழும் என்று காத்திருந்தாளாம். விழவில்லை. வாயில் போட்டாள். இன்னொரு துண்டு வெட்டினாள். "கனமே தெரிலியே" என்றாளாம். அப்புறம் அக்கா பக்கம் திரும்பி, "பெருநாளைக்கு இத நீதான் பண்ணணும். பெரிய கரண்டிய எடுத்துக்கோ" என்று சொல்லிவிட்டுப் போனாளாம்.

"எனக்குத் தெரியாதேம்மா!" என்று அக்கா அலறினாள். அம்மா என்னைக் கை காட்டினாள். என்னைவிடப் பத்து வயசு மூத்தவளை அடுப்படியில் உட்கார வைத்து, கரண்டியின் முதுகைக் காட்டிக் கொடுத்தேன். அன்றைக்கு அவள் தலை வாரியபோது வலிக்கவே இல்லை.

பெருநாள் முடிந்து எல்லோரும் மூன்று வேளையும் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது அம்மா மட்டும் சில நாள் தனியாக நோன்பு வைத்தாள். ஏன் என்று யாரும் கேட்கவில்லை. எனக்குத் தெரியும் என்று நினைத்துக்கொண்டேன்: அன்று குடித்த சொம்புத் தண்ணீருக்குப் பரிகாரம். என்னுடைய அரையை அல்லாஹ் தைத்துக் கொடுத்தும் அவளுக்குப் போதவில்லைபோல என்று வருத்தமாகக்கூட இருந்தது.

அஞ்சாறு வருஷம் போயிற்று. நானும் பெரிய மனுஷியானேன். அதற்கு அடுத்த ரம்ஜானில் ஒரு மத்தியானம், சாச்சா அறையில் குறட்டை விட்டுக்கொண்டிருக்க, அம்மா என் கையைப் பிடித்து அடுப்படிக்குள் இழுத்தாள். கதவை ஒருக்களித்தாள். ஒரு சொம்புத் தண்ணீரும், சாயங்காலத்துக்கு வைத்திருந்த கடல்பாசியில் ஒரு துண்டும் என் முன்னால் வைத்தாள்.

"மாசாமாசம் வர்ற இந்த நாள்ல நமக்குத் தொயுகையும் இல்ல, நோன்பும் இல்ல. அல்லாவே குடுத்த லீவு. பெருநாள் கயிச்சு வச்சுக்கலாம். ஆனா ஆம்பளைங்களுக்கும் கொழந்தைங்களுக்கும் தெரியக் கூடாது. வாசலுக்கு முதுவக் காட்டிக்கினு சாப்புடு."

ஆம்பளைக்கு டீக்கடையில் ஒரு திரை. தெருவே பார்த்துவிட்டுப் போகும். எங்களுக்கு எங்கள் முதுகுதான் திரை. நான் கையில் துண்டோடு திரும்பி நின்றேன். நின்ற பிறகுதான் அன்றைக்கு அடுப்படியில் பார்த்த முதுகு எனக்குப் புரிந்தது. மீன்கார அத்தையின் சிரிப்பு புரிந்தது. அத்தனை ஊசி கோத்தது புரிந்தது.

"அம்மா, அன்னிக்கு..."

"அன்னிக்கும் இதான்டீ. எறும்பும் இல்ல, ஒண்ணும் இல்ல. உன்னியும் உங்க சாச்சனையும் வெளிய அனுப்பறதுக்குள்ள எனக்கு உயிர் பூட்டு வந்துது." அம்மா என் தோளில் கை வைத்தாள். "அன்னிக்கு எனக்கு ஒண்ணு குடுத்த இல்ல, அரை நோன்பு? அது என்னாண்ட பத்திரமா கீது. தோ, இன்னிக்கு உனுக்கு. இப்ப சாப்புடு."

சாப்பிட்டேன். மேலே இருந்தது சிவப்பு. சக்கரை சரியாக இருந்தது.